நூல்விட்ட சீனிப்பாகு

இன்று காலை ஆஸ்பத்திரியில் மருந்துக் காம்பராவின் கதவைத் திறந்ததும் புளித்த வாசம் ஒன்று மூக்கில் ஏறியது. எதிலிருந்து வருகிறது என்று தேடினேன். இருமல் மருந்தில் கலப்பதற்காகப் போன வாரம் காய்ச்சி வைத்த சீனிப்பாகு. ஜாடிக்குள் கரண்டியை விட்டுத் தூக்கினால் பாகு சொட்டவில்லை, நூலாக இறங்கியது. கரண்டியை உயர்த்த உயர்த்த நூலும் நீண்டுகொண்டே வந்தது, அறுபடவில்லை. தண்ணீர் கூடிப்போய்விட்டது போலிருக்கிறது. பாகு இளக்கமாக இருந்தால் இப்படித்தான் கிருமி பிடித்துக் கெட்டுவிடும். கொட்டிவிட்டு ஜாடியைக் கொதிநீரில் அலச வேண்டியதுதான். ஆனால் கை வரவில்லை.

"இந்தாங்க, என் சொந்தக்காரங்களையா கொட்டப் போறீங்க?" என்று நீ சிரித்துக்கொண்டு கேட்பது போல இருந்தது. அந்தக் கேலி நம் இரண்டு பேருக்கு மட்டும் விளங்கியது. இப்போது எனக்கு மட்டும் விளங்குகிறது.

உனக்கு நான் ஒருநாளும் கடுதாசி எழுதியதில்லை. உனக்கு வாசிக்கத் தெரியாது. கல்யாணத்துக்குப் பிறகு எழுதிப் போடும் அளவுக்கு நாம் பிரிந்திருந்ததும் இல்லை. இப்போது எழுதுகிறேன். எழுத எழுதச் சத்தமாக வாசித்தும் விடுகிறேன். கூரைத் தகரத்தில் மழை விழுகிறது. என் குரல் எனக்கே பாதிதான் கேட்கிறது.

நீ போன பிறகும் அதே வீட்டில்தான் இருக்கிறேன். ஆஸ்பத்திரிக்குப் பின்னால், தேயிலை முடிகிற இடத்தில் தனியாக நிற்கும் வீடு. நீ வந்த புதிதில், "இங்க கத்தினாக்கூட யாருக்கும் கேக்காதுங்க" என்று சொன்னாய். தொழிலாளர் வீடுகள் வரிசையாக ஒட்டிக்கிடக்கும் லயத்தில் பிறந்து வளர்ந்தவள் நீ. ஒரு வீட்டில் தாளித்தால் பத்து வீட்டில் தும்முகிற இடத்திலிருந்து வந்திருந்தாய். நான் தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்து கலக்கும் டிஸ்பென்சர். நீ பிள்ளைக் காம்பரா ஆயா. கொழுந்தெடுக்கப் போகும் தாய்மார் விட்டுவிட்டுப் போகிற குழந்தைகளை, அவர்கள் திரும்பி வரும் வரை பார்த்துக்கொள்ளும் வேலை. உத்தியோகத்தர் வீட்டுப் பையன் லயத்துப் பெண்ணைக் கட்டிக்கொண்டான் என்று மற்ற உத்தியோகத்தர் மனைவிமார் நம் வாசற்படி ஏறவில்லை. நீ உத்தியோகத்தர் வீட்டுக்குப் போய்விட்டாய் என்று லயத்துத் தோழிகளும் வரத் தயங்கினார்கள். சாயங்காலங்களில் குசினிப் படியில் உட்கார்ந்துகொண்டு கீழே லயத்தில் விளக்கேற்றுவதைப் பார்த்துக்கொண்டிருப்பாய்.

அதனால்தானோ என்னவோ, வேலை முடிந்ததும் நேரே மருந்துக் காம்பராவுக்கு வந்துவிடுவாய். நான் எண்ணெய் மருந்துக்குக் கருவேலம் பிசினை ஊறவைத்து இடிப்பதைப் பார்ப்பாய். மாவைக் கஞ்சியாகக் காய்ச்சுவேன், பஞ்சை உருட்டுவேன். ஒவ்வொன்றையும் இது என்ன, இது எங்கிருந்து வருகிறது என்று கேட்பாய். உன் வயிற்றில் குழந்தை வந்த பிறகு பிசின் வாசம் குமட்டுகிறது என்று வாசலில் நின்றே கேட்டாய்.

அந்த வருஷம்தான் வாரம் ஒருமுறை நுவரெலியாவிலிருந்து வந்துபோகும் பெரிய டாக்டர் இரண்டு போத்தல்களைக் கொண்டுவந்து அலமாரியில் வைத்தார். சீமையில் படித்துவிட்டு வந்த சிங்கள மனிதர். தமிழும் இங்கிலீஷும் கலந்து எனக்கும் நம் ஆஸ்பத்திரி டாக்டர் ஐயாவுக்கும் விளக்கினார். நம் டாக்டர் ஐயாவை உனக்குத் தெரியும். யாழ்ப்பாணத்துக்காரர், கோபக்காரர், நல்லவர்.

போத்தலில் இருந்தது தெளிந்த தண்ணீர் போலத்தான் தெரிந்தது. டெக்ஸ்ட்ரான் என்று பெயர். சீனியைத் தின்கிற ஒரு கிருமி இருக்கிறதாம். தின்னும்போதே அது சீனியைச் சங்கிலி சங்கிலியாகக் கோத்து வெளியே விடுமாம். பாகு கெட்டால் நூல் விடுகிறதே, அந்த வழுவழுப்பு அதுதான். சீமையில் பெரிய தொட்டிகளில் வேண்டுமென்றே அந்தக் கிருமியை வளர்க்கிறார்கள். சங்கிலி மிக நீளமாக இருந்தால் இரத்தம் திரண்டு அடைத்துவிடும் என்று அமிலம் விட்டு அளவாக நறுக்கிச் சுத்தம் செய்து போத்தலில் அடைக்கிறார்கள். உப்புத் தண்ணீர் ஏற்றினால் கொஞ்ச நேரத்தில் இரத்தக் குழாயை விட்டுக் கசிந்து போய்விடும். இந்தச் சங்கிலி உருவத்தில் பெரியது, கசியாமல் உள்ளேயே நின்று தண்ணீரையும் பிடித்து வைத்துக்கொள்ளும்.

"இது இரத்தம் இல்லை" என்று பெரிய டாக்டர் திரும்பத் திரும்பச் சொன்னார். "இரத்தம் வந்து சேரும் வரைக்கும் ரயிலில் சீட்டுப் பிடித்து வைக்கிற ஆள் மாதிரி. அவ்வளவுதான்." இன்னொன்றும் சொன்னார். இதை ஏற்றுவதற்கு முன்பே நோயாளியின் இரத்தம் கொஞ்சம் எடுத்துத் தனியாக வைக்க வேண்டும். இது உள்ளே போன பிறகு இரத்த அணுக்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், எந்த வகை இரத்தம் என்று பார்ப்பவர்களை ஏமாற்றிவிடும்.

டாக்டர் ஐயா போத்தலை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "சீனித் தண்ணியை நம்பி உயிரை விடச் சொல்லுறார்" என்று பெரிய டாக்டர் போன பிறகு என்னிடம் முணுமுணுத்தார். போத்தல்கள் அலமாரியிலேயே கிடந்தன.

உனக்கு வலி கண்டது அடைமழைக் காலத்தில். விடிந்தும் விடியாமலும் உன்னை ஆஸ்பத்திரிக்குக் கைத்தாங்கலாகக் கூட்டிப்போனேன். காலையில் வேலை பிரிக்கும் பெரட்டுக்கு ஆட்கள் கூடும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தபோது குழந்தை பிறந்தது. பெண். அழவில்லை. டாக்டர் ஐயா தலைகீழாகப் பிடித்துத் தட்டிப் பார்த்தார், வாயில் ஊதிப் பார்த்தார். பிறகு துணியில் சுற்றி மேசைமேல் வைத்துவிட்டு என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினார். நீ, "ஏன் சத்தத்தக் காணோம்?" என்று கேட்டாய். பதில் சொல்வதற்குள் உனக்கு இரத்தம் கொட்ட ஆரம்பித்தது.

அதை நான் விவரிக்கப் போவதில்லை. உனக்குத் தெரியாததை மட்டும் சொல்கிறேன். ஊசி போட்டார், வயிற்றைப் பிசைந்தார், பஞ்சுக் கட்டுகள் எல்லாம் தீர்ந்தன. உன் உதடு வெள்ளைத் துணி மாதிரி ஆனது. நாடி என் விரலுக்குக் கீழே நழுவிக்கொண்டே போனது. அட்டன் ரோட்டில் மண் சரிந்துவிட்டது என்று லொறிக்காரர் வந்து சொன்னார். டவுன் ஆஸ்பத்திரிக்குப் போனால்தான் இரத்தம்.

டாக்டர் ஐயா அலமாரியிலிருந்து போத்தலை எடுத்துவந்து என் முன்னால் வைத்தார். "இஞ்ச பாரும். இதை நான் ஒருநாளும் ஏத்தினதில்லை. ஏத்தினால் என்ன ஆகுமெண்டு எனக்குத் தெரியாது. ஏத்தாட்டில் என்ன ஆகுமெண்டு தெரியும். உம்மட மனிசி. நீர் சொல்லும்."

"ஏத்துங்க ஐயா" என்றேன்.

அதற்கு முன்னால் ஒரு சின்னக் கண்ணாடிக் குழாயில் உன் இரத்தம் எடுத்தேன். வருவதற்கே அது மறுத்தது. பஞ்சு வைத்து அடைத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன். பிறகு ஊசியும் ரப்பர் குழாயும் மாட்டி ஏற்றினோம். போத்தலில் குமிழி ஒவ்வொன்றாக மேலே போனது. உன் மணிக்கட்டிலேயே விரலை வைத்திருந்தேன். காணாமல் போயிருந்த நாடி மெல்லத் திரும்பி வந்தது. டாக்டர் ஐயா தானும் தொட்டுப் பார்த்தார். மறுபடியும் தொட்டுப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

கொழுந்து லொறியில் படுக்க வைத்து றொசல்ல ஸ்டேஷனுக்குக் கொண்டுபோனோம். வட்டவளைப் பக்கம் தண்டவாளத்தில் மண் விழுந்து ரயில் எதுவும் வரவில்லை. ஆனால் அட்டனுக்கு ஏறும் பக்கத்துத் தண்டவாளம் சரியாகத்தான் இருந்தது. தண்டவாளம் பழுதுபார்க்கும் ஆட்களின் ட்ரொலி ஒன்று ஸ்டேஷனில் நின்றது. தள்ளிக்கொண்டு போகிற பலகை வண்டி. அவர்களுடைய கங்காணி நரைத்த தலை சிங்களவர். நான் பாதி சொல்லும்போதே அவர் புரிந்துகொண்டார். ஆட்களைக் கூப்பிட்டார். உன்னைப் பலகையில் கிடத்தி, தங்கள் முதுகில் போட்டிருந்த சாக்குப் படங்குகளை எல்லாம் கழற்றி உன்மேல் போர்த்திவிட்டு, வெறும் உடம்போடு மழையில் தள்ளினார்கள்.

நான் உன் தலைமாட்டில் முழங்காலில் நின்று போத்தலைத் தூக்கிப் பிடித்திருந்தேன். கை மரத்துப்போனது. இறக்கினால் குழாயில் இரத்தம் பின்னால் ஏறிவிடும். கங்காணி என் முகத்தைப் பார்த்துவிட்டு, "பய வெண்ட எப்பா, மாத்தயா" என்றார். பயப்படாதீங்க ஐயா என்கிறார். பக்கத்தில் நடந்துகொண்டே என் முழங்கைக்குக் கீழே தன் தோளைக் கொடுத்தார். ஏற்றம் முழுக்க என் கை அவர் தோளில் இருந்தது. அவர் பெயரை நான் கேட்கவில்லை. பிறகு றொசல்லைக்குப் போய்த் தேடியபோது அவரை வேறு பகுதிக்கு மாற்றிவிட்டதாகச் சொன்னார்கள்.

டவுன் ஆஸ்பத்திரி டாக்டர் போத்தலைப் பார்த்ததும் கேட்ட முதல் கேள்வி, "இதற்கு முன்னால் இரத்தம் எடுத்தீர்களா?" என்பதுதான். சட்டைப் பையிலிருந்து குழாயை எடுத்துக் கொடுத்தேன். என் உடம்புச் சூட்டில் அது வெதுவெதுப்பாக இருந்தது. அதற்குப் பிறகு என்னை வெளியே நிறுத்திவிட்டார்கள்.

இரத்தம் கொடுத்தும் உனக்குப் பெருக்கு நிற்கவில்லை. கர்ப்பப்பையை எடுத்தால்தான் பிழைப்பாய் என்றார்கள். கையெழுத்துப் போட்டேன்.

உனக்கு நன்றாக நினைவு வந்த அன்று அதை நான்தான் உன்னிடம் சொன்னேன். நீ அழவில்லை. சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாய். சுவரைப் பார்த்தபடியே, "இத யாருக்கும் சொல்லாதீங்க. எங்க அம்மாவுக்குக்கூட" என்றாய். அப்புறம், "முகம் எப்படி இருந்துச்சு?" என்று கேட்டாய். புருவம் உன்னுடையது போல இருந்தது என்றேன். அது உண்மைதான். நீ தேறி வருவதற்குள் உன் அண்ணன் நம் பிள்ளையை மேல் மலையில் அடக்கம் செய்திருந்தார்.

வீட்டுக்கு வந்த பிறகு ஒருநாள் கஞ்சி குடித்துக்கொண்டே, "என் ஒடம்புல என்னத்தங்க ஏத்துனீங்க?" என்று கேட்டாய்.

"சீனிப்பாகு கெட்டுப்போனா நூல் விடுமே, அதுதான்."

நீ கஞ்சிக் கோப்பையைக் கீழே வைத்தாய். "கெட்டுப்போன பாகையா?"

"சுத்தம் பண்ணினது."

"சுத்தம் பண்ணினாலும் கெட்டுப்போனதுதானே!" பிள்ளை போன பிறகு அன்றைக்குத்தான் நீ முதன்முதலாகச் சிரித்தாய். தையல் போட்ட இடத்தைக் கையால் அமுக்கிக்கொண்டு சிரித்தாய். வலித்தது, ஆனாலும் நிறுத்த முடியவில்லை.

நான் உற்சாகமாகிவிட்டேன். நீ குடிக்கும் கஞ்சியும் சீனிச் சங்கிலிதான் என்றேன். நான் இடிக்கும் பிசினும் அப்படித்தான். நோன்புக் காலத்தில் அட்டன் முஸ்லிம் கடையில் வாங்கிவந்து பாலில் காய்ச்சுவோமே, அந்தக் கடற்பாசியும். பஞ்சும். ஒரே மாதிரியான சின்னச் சின்ன வளையம், கோத்த விதம்தான் வேறு. ஒரு விதமாகக் கோத்தால் சோறு, இன்னொரு விதமாகக் கோத்தால் துணி.

"அப்ப என் சேலையும் சீனிதானா?"

"சீனிதான்."

"பின்ன ஏங்க எறும்பு வரல?"

அடுத்த வாரம் பெரிய டாக்டரிடம் கேட்டேன். அவர் சிரித்துவிட்டு, பஞ்சின் சங்கிலியை அவிழ்க்கிற சாமான் எறும்பின் வயிற்றிலும் இல்லை, நம் வயிற்றிலும் இல்லை என்றார். வந்து உன்னிடம் சொன்னேன். "ஒடம்புல ஏத்தினது மட்டும் அவுந்துடுமா?" என்று கேட்டாய். கொஞ்சம் கொஞ்சமாக அவிழும், அவிழ்ந்து சாதாரணச் சீனியாகி உடம்போடு சேர்ந்துவிடும் என்றேன். நீ கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டாய்.

பிள்ளைக் காம்பராவுக்குத் திரும்பிப் போக வேண்டாம் என்று நான் சொன்னேன். நீ போனாய். மற்றவர்கள் பிள்ளைகளைத் தொட்டிலில் போட்டு ஆட்டுவதற்கு, அந்த உடம்போடு, அந்த மனதோடு. உன்னை நான் அன்றைக்குத் தடுத்திருந்தால் நீ நொறுங்கிப் போயிருப்பாய் என்று இப்போது தெரிகிறது.

ஆனால் தோட்டத்தில் பேச்சு கிளம்பியிருந்தது. "அவ ஒடம்புல ஓடுறது ரத்தம் இல்லியாம்டி. வெள்ளக்காரன் தண்ணியாம்." யார் ஆரம்பித்தார்கள் என்று தெரியாது. இரண்டு பெண்கள் பிள்ளைகளை உன்னிடம் விடாமல் கிழவிகளிடம் விட்டுவிட்டு மலைக்குப் போனார்கள். ஒரு வருஷம், இரண்டு வருஷம் என்று போகப்போகப் பேச்சு வேறு மாதிரி ஆனது. அந்தத் தண்ணீர் ஏற்றியதால்தான் உனக்கு மறுபடி பிள்ளை தரிக்கவில்லை என்றார்கள். உன் அம்மாவே என்னிடம் வந்து, தலையைக் குனிந்துகொண்டு, "மாப்ள, நீங்க வேணும்னா இன்னொரு கல்யாணம் பண்ணிக்கங்க. எங்களுக்கு வருத்தமில்ல" என்றார். நான் கோபித்துக்கொண்டு எழுந்து போய்விட்டேன். சொல்லக்கூடாது என்று நீ வாங்கிய சத்தியம் என் வாயைக் கட்டியிருந்தது. அன்று சாயங்காலம் உன்னிடம் சொன்னபோது, "அம்மா நல்லதுக்குத்தான் சொல்லுது" என்றாய். இராச் சாப்பாட்டை மூடி வைத்துவிட்டுப் படுத்துவிட்டாய்.

இரண்டாவது போத்தல் அலமாரியில் இருந்தது. அதற்கும் வேளை வந்தது.

மேல் லயத்துப் பெண், கொழுந்தெடுப்பவள், தலைப்பிரசவம். ஆண் குழந்தை நன்றாக அழுதுகொண்டு பிறந்தது. ஆனால் அவளுக்கும் உனக்கு வந்ததே வந்தது. நடுப்பகல். டாக்டர் ஐயா இந்த முறை தயங்கவில்லை. போத்தலைக் கொண்டுவரச் சொன்னார். இரத்தத்துக்காக டவுனுக்குக் கொண்டுபோக லொறியும் கேட்டு அனுப்பினார். நான் போத்தலோடு வந்தால், அந்தப் பெண்ணின் மாமியார் கதவை மறித்துக்கொண்டு நிற்கிறார்.

"வேணாம்யா. எங்க புள்ளைக்கு அந்தத் தண்ணி வேணாம். அத ஏத்திக்கிட்டவளுக்கு அப்புறம் வயிறு தொறக்கவே இல்ல. உங்க வீட்டுலயே பாக்குறமே!"

வராந்தா நிறையப் பெண்கள். பாதிப் பேர் கூடையை முதுகில் மாட்டியபடி வந்து நின்றார்கள். டாக்டர் ஐயா உள்ளேயிருந்து கத்தினார். மாமியார் அசையவில்லை. அவரைத் தள்ளிவிட்டுப் போக என்னால் முடிந்திருக்கும். ஆனால் அந்தப் பெண்ணின் புருஷனும் தாயின் பக்கத்தில் நின்றுகொண்டு அழுதான். அவனும் வேண்டாம் என்றுதான் சொன்னான்.

நீ எப்போது வந்தாய் என்று எனக்குத் தெரியாது. பிள்ளைக் காம்பராவிலிருந்து ஓடிவந்திருக்க வேண்டும். இடுப்பில் யாருடைய குழந்தையோ இருந்தது. அதைப் பக்கத்தில் நின்றவளிடம் கொடுத்தாய். கூட்டம் தானாக விலகியது. நேரே மாமியாரின் முன்னால் போய் நின்றாய்.

"பெரியம்மா, எனக்குப் புள்ள இல்லாம போனது தண்ணியால இல்ல."

"பின்ன எதனாலடி?"

நீ அவர் கையைப் பிடித்தாய். சேலைக்குள்ளே உன் அடிவயிற்றில் கொண்டுபோய் வைத்தாய். எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். "தொட்டுப் பாருங்க. தழும்பு தெரியுதா? கர்ப்பப்பைய எடுத்துட்டாங்க, பெரியம்மா. ரத்தம் நிக்கலன்னு டவுன் ஆஸ்பத்திரியில எடுத்துட்டாங்க. அந்தத் தண்ணி இல்லாட்டி நான் அந்த ஆப்பரேசன் மேச வரைக்கும்கூடப் போயிருக்க மாட்டேன். இந்தா உங்க முன்னால நிக்கிறேன்ல? நடக்குறேன், ஒங்க புள்ளைங்களுக்குப் பால் ஆத்திக் குடுக்குறேன். உள்ள விடுங்க."

மழைக்காலம் இல்லை அது. வராந்தாவில் நல்ல வெயில். உள்ளே பிறந்த குழந்தை அழுதுகொண்டிருந்தது. மாமியார் உன் வயிற்றிலிருந்து கையை எடுத்தார். உன் முகத்தைப் பார்த்தார். பிறகு கதவை விட்டு நகர்ந்து சுவரோடு உட்கார்ந்துவிட்டார்.

நான் உள்ளே போய்விட்டேன். நாடி திரும்புவதை மறுபடியும் என் விரலால் உணர்ந்தேன். லொறி வந்தது, பாதை திறந்திருந்தது, டவுனில் இரத்தம் ஏற்றினார்கள், அவள் பிழைத்தாள். அவளுக்கு எதையும் எடுக்க வேண்டியிருக்கவில்லை. எல்லாம் முடிந்து நான் வெளியே வந்தபோது நீ இல்லை. பிள்ளைக் காம்பராவில் வழக்கம்போலத் தொட்டில் ஆட்டிக்கொண்டிருந்தாய். நான் வாசலில் நின்றேன். "போங்க, வேலையப் பாருங்க. நான் நல்லாத்தான் இருக்கேன்" என்றாய். தொட்டில் கயிற்றைக் கையிலிருந்து விடவில்லை.

சாயங்காலம் உன் அம்மா வந்தார். மலையில் யாரோ சொல்லியிருக்கிறார்கள். குசினிப் படியில் உன் பக்கத்தில் உட்கார்ந்து, "பெத்தவகிட்டச் சொல்லலியேடி. நான் போயி மாப்ளகிட்ட அந்தப் பேச்சுப் பேசினேனே" என்று தலையில் அடித்துக்கொண்டார். நீ அவர் கையைப் பிடித்து மடியில் வைத்துக்கொண்டாய். "நீ அழுவேன்னுதாம்மா சொல்லல. இப்பப் பாரு, அழுவுற." இரண்டு பேரும் இருட்டும் வரை அங்கேயே இருந்தீர்கள். நான் முன்னறையில் உட்கார்ந்து விளக்கைக்கூட ஏற்றாமல் இருந்தேன்.

அதற்குப் பிறகு யாரும் உன்னைப் பற்றித் தண்ணீர்ப் பேச்சுப் பேசவில்லை. பிள்ளைகளைக் கொண்டுவந்து விட்டார்கள். ஆனால் உன்னைப் பார்க்கும் விதம் மாறிவிட்டது. சீமந்தம், பேர் வைக்கிற வீடு என்று எதற்கும் உன்னைக் கூப்பிடுவதை மெல்ல நிறுத்தினார்கள். அதை வேண்டுமென்று செய்தார்கள் என்று நான் நினைக்கவில்லை. உனக்குச் சங்கடமாக இருக்கும் என்று அவர்களாகவே முடிவு செய்துவிட்டார்கள். கீழே லயத்தில் மேளம் கேட்கும்போது நீ படியில் உட்கார்ந்து கேட்பாய். அந்த மேல் லயத்துப் பெண் மட்டும் வருஷம் தவறாமல் தன் பையன் பிறந்த நாளில் அவனைக் கூட்டிவந்து உன் காலில் விழவைப்பாள். அவன் வந்துபோன அன்றெல்லாம் நீ கொஞ்சம் அதிகமாகப் பேசுவாய். இரண்டு நாளைக்குப் பிறகு பேச்சு குறைந்துபோகும்.

பிறகு தோட்டத்து ஆட்களின் இலங்கைப் பிரஜாவுரிமைப் பிரச்சினை. உன் அண்ணனுக்குக் கிடைக்கவில்லை. காத்திருந்து அலுத்துப்போய் அவர் குடும்பத்தோடு ஊருக்கே போவதென்று முடிவு செய்தார். திருச்சிப் பக்கத்தில், உன் அம்மா சின்னப் பெண்ணாக விட்டுவந்த கிராமம். அம்மாவும் மகனோடு கிளம்பினார். நீயும் வருகிறாயா என்று கேட்டார்கள். போய்ப் பார்த்துவிட்டு வரலாமா என்று என்னிடம் கேட்டாய். போனால் திரும்பி வர விடுவார்களோ என்னவோ என்றேன். உனக்கும் எனக்கும்கூட அந்தக் கடதாசி இல்லையே. நீ, "அப்ப நீங்க தனியாக் கெடப்பீங்க" என்றாய். அதோடு அந்தப் பேச்சை விட்டுவிட்டாய்.

அட்டன் ஸ்டேஷனில் ரயில் நகர்ந்தபோது நீ ஜன்னலோடு நடந்தாய், ஓடினாய், பிளாட்பாரம் முடிந்த இடத்தில் நின்றாய். நான் வந்து சேர்ந்தபோது நீ சொன்னது ஒன்றுதான். "அம்மாவுக்கு மூக்குப்பொடி வாங்கிக் குடுக்கணும்னு நெனச்சேங்க. மறந்துட்டேன்." வீடு வந்து சேரும் வரை அதையே சொல்லிக்கொண்டு வந்தாய்.

அதன்பிறகு நாம் இரண்டு பேர்தான். அந்த வருஷங்களைப் பற்றி எழுத வேண்டுமென்றால் எழுத ஒன்றுமில்லை. காலையில் ஒன்றாகக் கிளம்புவோம், சாயங்காலம் மருந்துக் காம்பராவில் வந்து உட்கார்வாய், நான் பிசின் இடிப்பேன். எப்போதாவது பாகு கெட்டுப்போனால் கரண்டியால் நூல் இழுத்து என்னிடம் காட்டி, "இந்தாங்க, என் சொந்தக்காரங்க வந்திருக்காங்க" என்பாய். ஒரே வேடிக்கையை எத்தனை தடவை சொன்னாலும் நாம் சிரித்தோம். வேறு யாரும் இல்லாத வீட்டில் அப்படித்தான்.

உனக்கு முதலில் சளி என்றுதான் நினைத்தோம். காய்ச்சல் விடவில்லை. நெஞ்சில் இறங்கிவிட்டது. டவுன் ஆஸ்பத்திரியில் ஊசிகள் எல்லாம் போட்டார்கள். இந்த முறை நான் தூக்கிப் பிடிக்க எதுவும் இருக்கவில்லை. கட்டில் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்திருந்தேன்.

அப்போதுதான் ஒரு பிற்பகல், பார்வையாளர் நேரத்தில், பக்கத்துக் கட்டிலில் எல்லோரும் சத்தமாகப் பேசிக்கொண்டிருக்கும்போது, என்னைக் குனியச் சொன்னாய்.

"நம்ம புள்ளைக்கு ஒரு பேர் வச்சிருக்கேங்க."

எனக்குப் புரியவில்லை. காய்ச்சலில் பேசுகிறாய் என்று நினைத்தேன்.

"ஆஸ்பத்திரியிலேருந்து வந்ததுமே வச்சுட்டேன். யாருகிட்டயும் சொல்லல. தொட்டில ஆட்டும்போது மனசுக்குள்ள கூப்புடுவேன். நீங்க சிரிப்பீங்களோன்னு ஒங்ககிட்டயும் சொல்லல." மூச்சு வாங்கியது. கொஞ்சம் நிறுத்திவிட்டு, "நானும் போயிட்டா அவ பேரில்லாமப் போயிருவா. நீங்க வச்சுக்கங்க" என்றாய்.

பிறகு அந்தப் பெயரை என் காதில் சொன்னாய்.

நான் திருப்பிச் சொன்னேன். சரியாகச் சொல்கிறேனா என்று நீ உன்னிப்பாகக் கேட்டாய். இன்னொரு தடவை சொல்லச் சொன்னாய். சொன்னேன். "ம்" என்றாய். அதற்குப் பிறகு நீ இரண்டு நாள் இருந்தாய்.

அந்தப் பெயரை இதில் எழுதமாட்டேன். கடுதாசி என்றால் யார் கையிலாவது சிக்கும். வாயால்தான் சொல்கிறேன். காலையில் அடுப்பு மூட்டும்போது ஒருதரம். வேலை முடிந்து வந்து கதவைத் திறக்கும்போது ஒருதரம். மழை பலமாகப் பெய்தால் கொஞ்சம் உரக்க. ஆஸ்பத்திரிக்கு விடுமுறை வருகிற நாட்களில் நான் பேச வேண்டிய ஆள் யாரும் இருப்பதில்லை. அந்த நாட்களில் இந்த வீட்டில் வாய்விட்டுச் சொல்லப்படுகிற வார்த்தை நம் மகளின் பெயர் ஒன்றுதான்.